அத்தை பிடித்து வைத்த இடம்

விசாரணைக்கு ஆள் வருகிறார்கள் என்று தெரிந்ததும் நாங்கள் செய்த முதல் காரியம், நாங்கள் இருளர்கள் என்பதற்கு என்னென்ன அடையாளம் உண்டோ அத்தனையையும் அள்ளிக்கொண்டு போய் ஏரிக்கரைப் புதரில் ஒளித்து வைத்ததுதான். இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. அன்றைக்கு அதைவிடப் புத்திசாலித்தனமான வேலை உலகத்தில் இல்லை என்று நம்பினோம்.

என் தங்கச்சி அப்போது பன்னிரண்டாம் வகுப்பு. நர்சிங்தான் படிப்பேன் என்று ஒற்றைக் காலில் நின்றாள். எங்கள் நைனா பெரியாஸ்பத்திரியில் படுத்திருந்த கடைசி நாட்களில் இவள்தான் கூட இருந்தாள். ஊசி போட வருகிற நர்சம்மா பின்னாலேயே வார்டு வார்டாகச் சுற்றினாள். நைனா போய்ச் சேர்ந்தார். இவளுக்கு அந்த ஆசை மட்டும் தங்கிவிட்டது. மார்க் எடுத்துவிடுவாள், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் பழங்குடி என்ற சாதிச் சான்றிதழ் கையில் இல்லாமல் கவுன்சிலிங்குக்குப் போனால், எங்களுக்கென்று ஒதுக்கிய சீட்டைப் பக்கத்தில் நின்று வேடிக்கை பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டியதுதான். அந்தக் காகிதம் இல்லாமல்தான் பத்தாவது முடித்த நான் ஐ.டி.ஐ. சேர முடியாமல் ஷூ கம்பெனி பஸ்ஸில் ஏறினேன். என் கதை போகட்டும். அவள் கதையும் அதே இடத்தில் முடிய விடுவேனா என்று எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் இருந்தது.

உத்திரமேரூரில் பழைய கோயில் சுவரில், ஊர்த் தேர்தலில் நிற்க யாருக்குத் தகுதி என்று அந்தக் காலத்திலேயே கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். சொந்த நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், இன்னும் என்னென்னவோ வேண்டும். வெளியூர்க்காரர்கள் வேன் பிடித்து வந்து பார்த்து வியக்கிறார்கள். எனக்கு வியப்பெல்லாம் வருவதில்லை. தகுதி கேட்கிற பழக்கம் எங்கள் ஊருக்குப் புதிது இல்லை என்றுதான் தோன்றும்.

விஷயத்துக்கு வருகிறேன். இ-சேவை மையத்தில் விண்ணப்பம் போட்டுக் காத்திருந்தோம். ஒரு நாள் வி.ஏ.ஓ. போன் பண்ணினார்.

"நாளைக்கு ஆர்.ஐ. சார் வராரு. நீங்க இருளர்தானான்னு பார்த்து ரிப்போர்ட் எழுதணும். வீட்ல இருங்க."

'நீங்க இருளர்தானான்னு பார்த்து' என்ற பகுதி எங்கள் யார் காதிலும் விழவில்லை. வருவாய் ஆய்வாளர் வீட்டுக்கு வருகிறார் என்பது மட்டும்தான் விழுந்தது. வீட்டுக்கு ஆபீசர் வந்தால் என்ன செய்வார்கள்? வீட்டைச் சுத்தம் பண்ணுவார்கள். நாங்களும் அதைத்தான் பண்ணினோம். எலி வளை தோண்டுகிற கடப்பாரை, வளைக்குள் புகை ஊதுகிற ஓட்டைப் பானை, கிழிந்த மீன் வலை எல்லாம் புதருக்குப் போயின. வேட்டை நாயைக் கரைக்கு அந்தப் பக்கம் கொண்டுபோய்க் கட்டினோம். வேப்பமரத்தடியில் எங்கள் கன்னியம்மாவுக்கு வைத்திருந்த பானைகள் பார்ப்பதற்குக் குப்பை மாதிரி இருக்குமோ என்று அம்மா தார்ப்பாய் போட்டு மூடினாள். "கோவிச்சுக்காதம்மா. ஆபீசர் போனதும் தொறந்துடறேன்" என்று சொல்லிக்கொண்டேதான் மூடினாள். நான் என் பங்குக்கு ஷாமியானா கடையில் பிளாஸ்டிக் நாற்காலி வாடகைக்கு எடுத்து வந்தேன். கூல்டிரிங்ஸ், பிஸ்கட், கண்ணாடி டம்ளர். கல்யாணத்துக்குப் போகிற மாதிரி ஆளுக்கொரு நல்ல புடவை.

ஆர்.ஐ. வந்தார். கெட்டவர் இல்லை. நாற்காலியில் உட்கார்ந்து சுற்றுமுற்றும் பார்த்தார். தங்கச்சி தட்டை நீட்டி, "குட் மார்னிங் சார், பிளீஸ் டேக் பிஸ்கட் சார்" என்று ஒப்பித்தாள். அவர் பிஸ்கட்டை எடுத்துக்கொண்டே, "நல்லாத்தானே இருக்கீங்க. பார்த்தா அப்படித் தெரியலையே" என்றார்.

"எப்படித் தெரியல சார்?" என்றேன்.

"இல்லம்மா, இருளர் குடியிருப்புன்னா ஒரு அடையாளம் இருக்கும். உங்க வழக்கம், சாமி, தொழில்… எழுதறதுக்கு ஒண்ணும் காணோமே."

அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. அம்மாவும் நானும் புதருக்கு ஓடினோம். கடப்பாரையும் பானையும் வலையும் அவர் முன்னால் வந்து சேர்ந்தன. தார்ப்பாயை உருவினோம். அவிழ்த்துவிட்ட நாய் வந்து அவரைப் பார்த்துக் குரைத்தது. அவர் முகம் மாறிவிட்டது. நாங்கள் இதையெல்லாம் அவருக்குக் காட்டுவதற்காக எங்கேயோ போய்க் கொண்டுவந்தோம் என்று நினைத்துவிட்டார். அவர் கணக்கில் வாடகை நாற்காலி எங்களுடையது, எங்கள் பானை வாடகைக்கு வந்தது. இந்தக் கொடுமையை எங்கே போய்ச் சொல்வது?

"இப்படி வேண்டாம்மா" என்றார் மெதுவாக. "ரத்த சம்பந்தம் உள்ளவங்க யாராவது ஏற்கனவே சர்டிபிகேட் வாங்கியிருக்காங்களா? அப்பா கூடப்பிறந்தவங்க, பெரியப்பா, சித்தப்பா, யாராவது? அது இருந்தா நான் வேற எதையும் பார்க்க வேண்டியதில்லை."

"யாரும் இல்ல சார்" என்று நான் சொல்லி வாய் மூடவில்லை. பின்னால் நின்ற அம்மா, "ஒருத்தி கீறா" என்றாள்.

நானும் தங்கச்சியும் திரும்பிப் பார்த்தோம். எங்களுக்குத் தெரிந்து நைனாவுக்குக் கூடப்பிறந்தவர்கள் யாரும் கிடையாது.

ஆர்.ஐ. போன பிறகு அம்மா நாற்காலியில் உட்காராமல் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துகொண்டு சொன்னாள். நைனாவுக்கு ஒரு தங்கை உண்டு. நான் கைக்குழந்தையாக இருந்தபோது இரண்டு குடும்பமும் ஒரே ரைஸ் மில்லில் இருந்தது. நெல் அவித்துக் களத்தில் காய வைக்கிற வேலை. இருந்தது என்றால் சும்மா இல்லை, கேட்டைத் தாண்டக் கூடாது. கொத்தடிமை என்று ஆபீசில் சொல்வார்கள். அதற்கு அப்படி ஒரு பேர் இருப்பதே அன்றைக்கு எங்கள் ஆட்களுக்குத் தெரியாது. அத்தையின் குழந்தைக்குக் காய்ச்சல் கண்டது. ஆஸ்பத்திரிக்கு என்று சொல்லிக்கொண்டு கிளம்பினவள், குழந்தைக்கு ஊசி போட்ட கையோடு அதைத் தோளில் போட்டுக்கொண்டு அதிகாரிகளிடம் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள்.

"ஜீப்பு வந்துச்சு" என்றாள் அம்மா. "எல்லாரையும் களத்துல நிக்க வெச்சாங்க. யாருக்கெல்லாம் இங்கேர்ந்து போவணுமோ கையத் தூக்குங்கன்னாங்க. உங்க அத்தை தூக்கினா. அவ ஒருத்திதான். உங்க நைனாவ கேட்டாங்க. நாங்க நல்லாத்தான் கீறோம் சார்னுட்டாரு."

"நீ?" என்றேன்.

"நானும் கைய முந்தானைக்குள்ளதான் வெச்சிக்கினு நின்னேன்."

அத்தை குடும்பம் ஜீப்பில் ஏறியது. விடுதலை ஆனவர்கள் என்று அவர்களுக்குச் சாதிச் சான்றிதழும் கொடுத்தார்கள். ஜீப் கிளம்பும்போது நைனா களத்து நடுவில் நின்று தொண்டை கிழியக் கத்தினாராம். "இனிமே நீ எனக்குத் தங்கச்சி இல்ல." அவள் போனதால் மிச்சமிருந்தவர்களுக்கு என்ன ஆகுமோ என்ற பயம் அது. பிறகு மில்லே மூடிப் போய், நாங்களும் இந்த ஏரிக்கரைக்கு வந்த பிறகும் நைனா அவளைத் தேடிப் போகவில்லை.

"கோவமா?" என்றாள் தங்கச்சி.

"கோவம் ஒரு வருசம் இருக்கும். அப்பறம் வெக்கம்" என்றாள் அம்மா.

அத்தை எங்கே இருக்கிறாள் என்று யாருக்கும் தெரியாது. முதலில் திருமுக்கூடல் பக்கம் என்றார்கள். அப்புறம் சவுக்கு வெட்டுகிற கூட்டத்தோடு எங்கெங்கேயோ போனாள் என்றார்கள். போன் நம்பர் கிடையாது. முகவரி கிடையாது. ஆனால் அம்மாவுக்கு ஒன்று தெரிந்திருந்தது. "மாசி மகத்துக்குக் கடலுக்கு வருவா. எங்க கீறாளோ, அங்கேர்ந்து வருவா."

இதைக் கொஞ்சம் சொல்லவேண்டும். எங்கள் கன்னியம்மா ஒரு முறை கோபித்துக்கொண்டு கடலுக்குப் போய்விட்டாள் என்பது எங்கள் ஆட்களின் நம்பிக்கை. அவளைச் சமாதானப்படுத்தி வீட்டுக்கு அழைத்து வரத்தான் மாசி மகத்துக்கு எந்தெந்தக் காட்டில், எந்தெந்தச் சூளையில், எந்தெந்தக் கழனியில் இருக்கிற இருளரும் மாமல்லபுரம் கடற்கரைக்கு வந்து மணலில் புடவையால் கூடாரம் போட்டுத் தங்குவது. ஒவ்வொரு கூட்டமும் வருஷா வருஷம் அதே இடத்தில்தான் இறங்கும். வீட்டு நம்பர் இல்லாத ஜனத்துக்கு அதுதான் முகவரி. நைனா எங்களை ஒரு தடவைகூட அங்கே கூட்டிப் போனதில்லை. கூட்டம் அதிகம், பிள்ளைகள் தொலைந்துபோகும் என்று சாக்குச் சொல்வார். அவர் யாருக்குப் பயந்து போகவில்லை என்பது அன்றைக்குத்தான் எனக்கு விளங்கியது.

மாசி மகத்துக்குச் செங்கல்பட்டு போய் பஸ் மாறிப் போனோம். நெருங்கி வந்த பரீட்சைக்காகத் தங்கச்சி மடியில் விலங்கியல் புத்தகம். எனக்கு வழியெல்லாம் ஒரே எரிச்சல். இத்தனை வருஷமாக ஒருத்தியைச் செத்தாளா பிழைத்தாளா என்று கேட்காமல் இருந்துவிட்டு, இப்போது காகிதத்துக்காகப் போய் எந்த முகத்தோடு நிற்பது? அம்மாவிடம் அதைச் சொல்லவும் செய்தேன். "மூஞ்சி இருக்கறதே காட்டறதுக்குத்தான், வா" என்றாள்.

கடற்கரையில் கால் வைக்க இடமில்லை. கண்ணுக்கு எட்டின மட்டும் புடவைக் கூடாரம், அடுப்புப் புகை, குழந்தைகள் அழுகை. இத்தனை இருளர்களை நான் ஒரே இடத்தில் பார்த்ததே இல்லை. பள்ளிக்கூடத்திலும் கம்பெனியிலும் எங்கே போனாலும் நான் ஒருத்திதான். சாதி கேட்டால் வேறு பேச்சுக்குத் தாவுவேன். இங்கே கேட்கவே ஆள் இல்லை. அம்மா கடற்கரைக் கோயில் பக்கம் முதுகைக் காட்டி நின்று கடலைப் பார்த்து, முன்பு வந்த நினைவில் வடக்கே நடந்தாள். நான் மூட்டையோடு முன்னால் போய்விட்டேன். ஒரு கூடாரத்துக்குப் பக்கத்தில் யாரும் இல்லாத இடம் கண்ணில் பட்டது. பழைய புடவை ஒன்று விரித்திருந்தது. நான்கு மூலையிலும் கல். சாமான் ஒன்றும் இல்லை. அப்பாடா என்று மூட்டையை இறக்கப் போனேன்.

"ஏய் பொண்ணு, அங்க கால வெக்காத."

அடுப்பு முன்னால் உட்கார்ந்திருந்த ஒருத்தி. ஒல்லி, நரை, கையில் கரண்டி. நான் சும்மா விடுவேனா? "இன்னா, மணலுக்குப் பட்டா வாங்கி வெச்சிக்கிறியா?" என்றேன்.

"பட்டா இல்லடி. எடம் புடிச்சி வெச்சிக்கிறேன். ஆள் வரும்."

"காலைலேர்ந்து வராத ஆளா இனிமே வரப் போவுது?"

"வரும். வரலன்னா போவுது, உனக்கின்னா? எங்கண்ணன் எடம் அது."

என் கையிலிருந்த மூட்டை அப்படியே நின்றது. அம்மா பின்னாலேயே வந்து நின்றுவிட்டாள். அந்தப் பொம்பளை அம்மாவைப் பார்த்தாள். கரண்டியைப் போட்டுவிட்டு எழுந்தாள். "அண்ணி" என்றாள். சொல்லும்போதே அவள் கண் அம்மாவைத் தாண்டிப் பின்னால் போயிற்று. வருகிறவர்கள் போகிறவர்களை எல்லாம் பார்த்தது. அம்மா பின்னால் தங்கச்சி மட்டும்தான் புத்தகத்தோடு நின்றிருந்தாள். அதன் பிறகுதான் அத்தை அம்மாவின் நெற்றியைப் பார்த்தாள்.

அத்தை நடந்து வந்து அந்தப் புடவை மேல் உட்கார்ந்தாள்.

"அப்ப நான் யாருக்கு எடம் போட்டுக்கினு கீறேன்" என்றாள்.

பிறகு அழுதாள். அழுகையோடு சேர்த்து நைனாவைத் திட்டினாள். அப்படி ஒரு திட்டு நான் கேட்டதில்லை. பயந்தாங்கொள்ளி, பிடிவாதக்காரன், சொல்லாமல் போனவன், கூடப்பிறந்தவளுக்குத் தோள் கொடுக்காமல் விட்டவன், ஒரு வருஷம் வந்து எட்டிப் பார்த்திருந்தால் மூக்கு அறுந்தா போயிருக்கும். அம்மா அவள் முதுகில் கை வைத்துக்கொண்டு, "திட்டு, நல்லா திட்டு" என்று தானும் அழுதாள். எனக்கும் நைனா மேல் கோபம் வந்தது. அவர் செத்த அன்றைக்குக்கூட வராத அழுகை அன்றைக்கு வந்தது.

அழுது முடித்து எங்களுக்குச் சோறு போட்டாள். மீன் குழம்பு. சான்றிதழ் பேச்சை எப்படி எடுப்பது? சாவுச் சேதியோடு வந்துவிட்டுக் காகிதம் கேட்பதா? அத்தையே கேட்டாள்.

"இத்தினி வருசம் வராதவங்க இந்த வருசம் எதுக்கு வந்தீங்க?"

நான் உங்களைப் பார்க்கத்தான் அத்தை என்று சொல்ல வாயெடுத்தேன். என் தங்கச்சி முந்திக்கொண்டாள். "சர்டிபிகேட்டுக்கு அத்தை. உங்களுது இருந்தாத்தான் எனக்குக் குடுப்பாங்களாம். நான் நர்சிங் படிக்கணும்."

எனக்கு அவளை அங்கேயே மணலில் புதைக்கலாம் போல இருந்தது. அத்தை சோற்றில் கையை வைத்தபடி அவளையே பார்த்தாள். பிறகு சிரித்தாள்.

"உங்க நைனாவுக்கும் பொய்யி வராது. எங்கூட பேசக் கூடாதுன்னா பேசக் கூடாது, அவ்ளோதான். நடிக்க மாட்டான்." கொஞ்சம் நிறுத்தி, "அந்தப் பேப்பர வாங்கினதுக்குத்தான் அவன் எங்கூட பேசல. இப்ப அதே பேப்பரு அவன் பொண்ணுக்கு வோணுமா?" என்றாள்.

"வோணும் அத்தை."

"சரி, துன்னு. மீனு ஆறிப் போவுது."

அவ்வளவுதான். காலில் விழ வைக்கவில்லை, கெஞ்ச வைக்கவில்லை, பழையதைக் கிளறவில்லை. நானாக இருந்தால் ஒரு மணி நேரமாவது பேசித் தீர்த்திருப்பேன். சொல்லிக்காட்டுவதற்கு இந்த உலகத்திலேயே அதிக உரிமை உள்ளவள் அவள்தான்; அவளோ மீன் முள் எடுத்துத் தங்கச்சி தட்டில் வைத்துக்கொண்டிருந்தாள். அத்தை மேல் எனக்கு அந்த நிமிஷம் வந்த மரியாதை இன்றைக்கும் ஒரு பிடி குறையவில்லை.

நான் ஒன்று மட்டும் கேட்டேன். "அன்னிக்கு நீ ஒருத்தி மட்டும் கையத் தூக்கினியே, பயமா இல்லையா அத்தை?"

"பயம் இல்லாம? கை காலெல்லாம் வெடவெடன்னுச்சு. உங்க நைனாவும் பயந்தான், நானும் பயந்தேன். அவன் கை கீழ நின்னுச்சு, எங்கை மேல போயிடுச்சு. அதுக்கு மேல அதுல ஒண்ணும் இல்ல."

மறுநாள் விடியும்போது ஈர மணலில் ஏழு படி கட்டி, பூவும் பழமும் வைத்து, எல்லாரும் கடலைப் பார்த்து நின்று கன்னியம்மாவை அழைத்தார்கள். கோபத்தை விடு, வீட்டுக்கு வா. அத்தை நைனா பேரையும் சேர்த்துச் சொல்லி அழைத்தது என் காதில் விழுந்தது.

கோட்டாட்சியர் அலுவலகத்தில் கூப்பிட்டபோது கோடை வெயில். பழங்குடிச் சான்றிதழில் கையெழுத்துப் போடுவது அவர்தான். தங்கச்சி பரீட்சை எழுதி முடித்திருந்தாள். ரிசல்ட் வந்ததும் கவுன்சிலிங் ஆரம்பித்துவிடும். அத்தை அன்றைய சவுக்கு வெட்டை விட்டுவிட்டு வந்திருந்தாள். சான்றிதழைத் துணியில் சுற்றி, அதற்கு மேல் பிளாஸ்டிக் பை சுற்றி மடியில் வைத்திருந்தாள். நாஷ்டா தின்னாமல் வந்திருப்பாள் என்று வடை வாங்கிக் கொடுத்தேன். ஆபீசுக்குள் தின்னக் கூடாது என்று வாசலிலேயே நின்று தின்றுவிட்டு, முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தாள்.

கோட்டாட்சியர் ஒரு பெண். வயது அதிகமில்லை. அத்தையின் சான்றிதழைப் பார்த்தார், சரியானதுதான் என்றார். பிறகு எங்களைப் பார்த்தார். "இது இவங்க இருளர்ங்கிறதுக்கு ஆதாரம். இவங்க உங்க அப்பாவோட தங்கைங்கிறதுக்கு என்ன ஆதாரம்? ஒரே ரேஷன் கார்டு இல்லை. ஒரே ஊரில் இருந்ததுக்குப் பதிவு இல்லை. உங்க பக்கத்தில் விசாரிச்சா, அவருக்குத் தங்கையே கிடையாதுன்னு சொல்றாங்க. அவர் இறந்ததுகூட இவங்களுக்குத் தெரியலை."

அவர் சொன்னதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை. கிணறு தாண்டினவள் வாய்க்காலில் விழுந்த கதையாக ஆயிற்று. தங்கச்சி என் கையைப் பிடித்தாள். நான் ஏதோ கத்தப் போனேன். அத்தை என் தோளைத் தட்டி உட்கார வைத்துவிட்டு முன்னால் போனாள்.

"பேசலன்றது நெசந்தாம்மா" என்றாள். "அதான் சாட்சி."

"புரியலையே."

"ஊர்ல எத்தினி பொம்பளைங்க கூட எங்கண்ணன் பேசாம இருந்திருப்பான்? அத யாராச்சும் ஞாபகம் வெச்சிக்கினு கீறாங்களா? எங்கூட பேசலன்றது மட்டும் அந்த மில்லு களத்துல நின்ன அத்தினி பேருக்கும் தெரியும். கூடப் பொறக்காதவகிட்ட எவம்மா இத்தினி வருசம் கோவிச்சுக்கினு இருப்பான்? போயி கேக்கச் சொல்லுங்க."

கோட்டாட்சியர் பேனாவை மூடினார். அவர் உதட்டில் சிரிப்பு வந்ததா என்று இன்றைக்கும் நானும் தங்கச்சியும் சண்டை போடுவோம். ஆர்.ஐ.யைக் கூப்பிட்டு, அந்த மில்லில் வேலை செய்தவர்கள் எங்கெங்கே இருக்கிறார்கள் என்று பார்த்து நேரில் விசாரித்து எழுதச் சொன்னார்.

மில் மூடிய பிறகு அந்தக் குடும்பங்கள் மாகறல் பக்கம், செய்யாற்றங்கரை, சூளை என்று சிதறியிருந்தன. ஆர்.ஐ. தேடிப் போனார். மனுஷன் வெயிலில் அலைந்தார், அதையும் சொல்ல வேண்டும். கேட்ட இடத்திலெல்லாம் ஒரே பதில்தான். ஜீப் கிளம்பினபோது களத்து நடுவில் நின்று, இனிமே நீ எனக்குத் தங்கச்சி இல்ல என்று கத்தினாரே, அந்த அண்ணன் தங்கச்சிதானே. சிலர் நைனா மாதிரியே கையை நீட்டிக் கத்தியும் காட்டினார்களாம். தங்கச்சி இல்லை என்று நைனா சொன்ன வார்த்தையை வைத்தே, தங்கச்சிதான் என்று எழுதினார்கள்.

கடைசியாக ஆர்.ஐ. எங்கள் வீட்டுக்கு வந்தார். அன்றைக்கும் அம்மா வீட்டைப் பெருக்கினாள், நல்ல புடவை கட்டினாள். நான் பதறிப்போய், "மறுபடியும் இன்னாம்மா பண்ற?" என்றேன். "ஆபீசர் வராரு. பெருக்காம இருப்பாங்களா? இருளச்சின்னா அழுக்கா இருக்கணுமா?" என்றாள். ஆனால் எதையும் ஒளிக்கவில்லை. நாற்காலி எடுக்கவும் விடவில்லை. ஆர்.ஐ. பாயில் உட்கார்ந்து, ஓட்டைப் பானை பக்கத்திலேயே, தண்ணீர் வாங்கிக் குடித்தார். நாய் குரைத்தது. குரைக்கட்டும் என்று விட்டோம்.

சான்றிதழ் வந்தது. கவுன்சிலிங்குக்குக் கொஞ்ச நாள் முன்னால் இ-சேவை மையத்தில் அச்செடுத்துக் கையில் வாங்கியபோது, தங்கச்சி அதைப் படிக்கக்கூட இல்லை, நெஞ்சில் வைத்துக்கொண்டாள். நான் அங்கேயே, அந்தக் கூட்டத்தில், வெட்கம் இல்லாமல் அழுதேன். அவளுக்குச் சீட் கிடைத்தது. நர்சிங் காலேஜில் சேர்ந்தாள். ஆனால் காகிதம் வந்த அன்றைக்கு அதையெல்லாம் யோசிக்கவில்லை. "மொதல்ல அத்தைகிட்ட" என்றாள் தங்கச்சி. பஸ் பிடித்துப் போனோம்.

அத்தை அப்போது பாலாற்றங்கரையில் ஒரு சவுக்குத் தோப்பு ஓரமாகக் குடிசை போட்டிருந்தாள். பாயை விரித்து உட்கார வைத்தாள். காகிதத்தைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அவளுக்குப் படிக்கத் தெரியாது.

"இதுல எங்கண்ணன் பேரு எங்க கீது?"

தங்கச்சி காட்டினாள். அத்தை அந்த இடத்தில் விரலை வைத்தாள். வைத்த விரலை எடுக்காமல் கொஞ்ச நேரம் இருந்தாள். பிறகு எழுந்து போய், துணியில் சுற்றி வைத்திருந்த தன் சான்றிதழை எடுத்து வந்தாள். அதைப் பாயில் வைத்து, பக்கத்தில் இதை வைத்தாள். ஆற்றுக்காற்று உள்ளே வந்து புதுக் காகிதத்தின் ஓரத்தைத் தூக்கியது. தங்கச்சி பிடிக்கப் போனாள். அதற்குள் அத்தை வாசலுக்குப் போய் நான்கு கல் பொறுக்கி வந்து, மூலைக்கு ஒன்றாக அதன் மேல் வைத்தாள்.

"ஒரு தபா கோவிச்சுக்கினு போனான்" என்றாள். "போதும்."